பதில் எழுத வேண்டியதில்லை

கஞ்சித் தட்டை எங்கே வைப்பது என்று தெரியாமல் சிரில் பிராக்டர் கட்டிலருகே நின்றுகொண்டிருந்தார். மனைவி மேவிஸ் சாய்ந்திருந்த இடம் போக மிச்சக் கட்டில் முழுக்கக் கடிதங்கள்.

"அந்தக் கட்டு மேல வைக்காத. அதெல்லாம் பிரைட்டன் ஊர்க்காரங்க எழுதினது. இன்னும் பதில் போகல."

"பிரைட்டன்காரங்க கொஞ்சம் நகந்துக்கட்டும். கஞ்சி ஆறுது."

"ஆறினா சுட வெச்சுக்கலாம். துக்கத்துக்கு வந்த லெட்டர்ல கஞ்சி கொட்டினா என்ன பண்ணுவ?"

சிரில் தட்டை ஜன்னல் விளிம்பில் வைத்தார். வெளியே மோர்கம் விரிகுடாவில் தண்ணீர் வெகுதூரம் உள்வாங்கி, சேறு வெயிலில் மின்னிக்கொண்டிருந்தது. மார்ச் மாதத்தில் இப்படி ஒரு வெயில் அடித்தால் ஊரில் எல்லோரும் ஏதோ தாங்கள் ஏற்பாடு செய்ததுபோல நடந்துகொள்வார்கள். மேவிஸ் மட்டும் ஜன்னல் பக்கம் திரும்பவே இல்லை.

திங்கட்கிழமை டாக்டர் வந்து பார்த்துவிட்டு, இதயம் களைத்துவிட்டது, இரண்டு வாரம் இருந்தால் அதிகம் என்று சொல்லியிருந்தார். அதை அவர் மேவிஸிடமே சொன்னார். அவளிடம் எதையும் மறைக்க முடியாது என்று டாக்டருக்கும் தெரியும். மேவிஸ் கட்டிலில் கிடந்த கடிதங்களைப் பார்த்தாள். "நாப்பத்துமூணு பாக்கி. போதும்," என்றாள். டாக்டர் சிரிலைப் பார்த்தார். சிரில் கூரையைப் பார்த்தார்.

இன்று வியாழன். பாக்கி பதினொன்று.

அந்தக் கடிதங்கள் அவளுக்கு வந்தவையும் இல்லை. ஜனவரியில் ஹார்க்னஸ் பிரபுவின் மனைவி காலமானார். நாடெங்கிலுமிருந்து பிரபுவுக்கு முந்நூற்று நாற்பது அனுதாபக் கடிதங்கள் வந்து குவிந்தன. ஒரு காலத்தில் கட்சியின் தலைவராக இருந்தவர்; இப்போது தொண்ணூறு வயது. செய்தி கேட்ட அன்றே மேவிஸ் லண்டனுக்குத் தொலைபேசியில் பேசி, "எல்லாத்தையும் எங்கிட்ட அனுப்பிடுங்க, பதில் நான் போடறேன்," என்று வாங்கிப் போட்டுக்கொண்டாள். அவளுக்கு உடம்பு சரியில்லை என்பதை அவர்களிடம் சொல்லவே இல்லை.

முப்பத்தொரு வருஷம் மூன்று தலைவர்களுக்குத் தனிச் செயலாளராக இருந்தவள். முதல் இருவர் போய்ச் சேர்ந்துவிட்டார்கள். மூன்றாமவர்தான் ஹார்க்னஸ். மூன்று பேரையும் அவள் "தலைவர்" என்றுதான் சொல்வாள். எந்தத் தலைவர் என்று கேட்டால், இதுகூடத் தெரியாதா என்பதுபோல ஒரு பார்வை வரும்.

சிரிலுக்கு அந்தத் தலைவர்கள் யார் மேலும் பெரிய கோபம் இல்லை. ஆனால் தன் மனைவிக்கு மிச்சமிருக்கும் இரண்டு வாரத்தில் பாதியை ஹார்க்னஸ் பிரபு தின்றுகொண்டிருப்பதை அவரால் பொறுக்க முடியவில்லை. அதைச் சொல்லவும் முடியவில்லை. சொன்னால் அவள் அந்த வேலையை இன்னும் வேகமாகச் செய்வாள், அவ்வளவுதான்.

வேலை நடந்தது இப்படி. அவள் சொல்லச் சொல்ல சிரில் பென்சிலால் எழுதிக்கொள்வார். கீழே போய்ச் சாப்பாட்டு மேசையில் இருந்த தட்டச்சு இயந்திரத்தில் இரண்டு விரலால் அடித்து எடுத்து வருவார். ரயில்வேயில் சிக்னல் கேபினில் முப்பத்தெட்டு வருஷம் நெம்புகோல் இழுத்த கை. ஒவ்வொரு எழுத்தும் காகிதத்தின் மறுபக்கம் தடவினால் தெரியும். நடுவில் இருக்கும் விஷயத்தை மட்டும்தான் அடிக்க வேண்டும். மேலே "அன்புள்ள இன்னார்" என்பதும், கீழே "என்றும் தங்கள்" என்பதும், கையெழுத்தும் பேனாவால் எழுதப்பட வேண்டும். தலையும் வாலும் வைப்பது என்று அவளுடைய அலுவலகத்தில் அதற்குப் பெயர். தலைவரே கைப்பட எழுதினார் என்று கடிதம் பெற்றவர் நெஞ்சு நிமிர்த்தலாம். நிமிர்த்தினார்கள். உண்மையில் தலையையும் வாலையும் வைத்தது மேவிஸ். கில்பர்ட் ஹார்க்னஸ் என்ற கையெழுத்தை, தலைவர் கேட்டுக்கொண்டதன் பேரில், அவள் நாளைக்கு நூறு தடவை போட்டிருக்கிறாள். அது கள்ளக் கையெழுத்துதானே என்று சிரில் ஒருமுறை விளையாட்டாகக் கேட்டுவிட்டு இரண்டு நாள் பேச்சுத்துணை இல்லாமல் இருந்தார்.

சிரிலுக்கு அவள் மனைவியானதே அந்தக் கையெழுத்தால்தான். 1958இல் அவருடைய தம்பி ஸ்டான்லி, மூடுபனியில் தண்டவாளத்தில் அடிபட்டு இறந்தான். பத்தாம் நாள் கட்சித் தலைவரிடமிருந்து ஒரு கடிதம் வந்தது. ஒரே பக்கம், மூன்று பத்தி. நடுப் பத்தியில், ஊர்க் கண்காட்சியில் ஸ்டான்லியின் வெங்காயம் முதல் பரிசு வாங்கியதைத் தலைவர் குறிப்பிட்டிருந்தார். சிரில் அசந்துபோனார். அசந்துபோனாலும், தப்பைத் தப்பென்று சொல்லாமல் அவருக்குத் தூக்கம் வராது. "மதிப்புக்குரிய ஐயா, வெங்காயம் அல்ல, பூசணி. வெங்காயத்தில் பரிசு வாங்கியவர் எங்கள் எதிர்வீட்டுக்காரர். அவர் இதைக் கேள்விப்பட்டால் வருத்தப்படுவார்," என்று எழுதிப்போட்டார். தலைவர் மன்னிப்புக் கேட்டுப் பதில் எழுதினார். பூசணிக்கு என்ன எரு போட்டார்கள் என்றும் விசாரித்திருந்தார். அப்படிப் பிடித்துக்கொண்டது, பதினொரு வருஷத்தில் பதினேழு கடிதம்.

அதன்பின் தொழிற்சங்க மாநாட்டுக்கு லண்டன் போன சிரில், கூட்டத்தில் முண்டியடித்துக்கொண்டு போய்த் தலைவரின் கையைப் பிடித்து, "ஐயா, பூசணி விஷயம்," என்றார். தலைவர் மிக அன்பாக அவரைப் பார்த்தார். ஒரு எழவும் புரியவில்லை என்பது அந்தப் பார்வையிலேயே தெரிந்தது. அவருக்குப் பின்னால் கோப்புக் கட்டை அணைத்துக்கொண்டு நின்ற, சாம்பல் நிற உடுப்புப் போட்ட ஒரு பெண்மணி மட்டும் காது நுனிவரை சிவந்துபோனாள். அந்த வருஷமே அவள் ஓய்வு பெற்றாள், இருவருக்கும் கல்யாணமும் ஆயிற்று. அவளுக்கு ஐம்பத்தெட்டு, அவருக்கு ஐம்பத்தாறு. ஊரில் சிரித்தார்கள். அவர்களும் சேர்ந்து சிரித்தார்கள்.

கஞ்சியை மறுபடி சுடவைத்து எடுத்து வந்தபோது மேவிஸ் நான்கு கரண்டி சாப்பிட்டாள்.

"இன்னும் ரெண்டு."

"எனக்கு வேண்டாம். நீ உக்காரு. பென்சில் எடு."

சிரில் உட்கார்ந்தார். ஆனால் பென்சிலை எடுக்கவில்லை.

"மேவிஸ், ஒண்ணு கேக்கணும்."

"கேளேன்."

"கல்யாணம் ஆகிப் பத்தொம்பது வருஷம். நீ எனக்கு ஒரு லெட்டர் எழுதல."

அவள் கண்ணாடிக்கு மேலாக அவரைப் பார்த்தாள். "ஒரே வீட்ல இருக்கறவனுக்கு எதுக்கு லெட்டர்?"

"பதினேழு லெட்டர் வெச்சிருக்கேன். எல்லாத்துலயும் கில்பர்ட் ஹார்க்னஸ்னு போட்டிருக்கு. என்னவோ அந்தாளக் கட்டிக்கிட்ட மாதிரி."

"அவர் உன்னக் கட்டிருக்க மாட்டார். உனக்குச் சாப்பிடற மேனர்ஸ் போதாது."

"நான் வெளாட்டுக்குச் சொல்லல. பால்காரனுக்குச் சீட்டு எழுதற, அதுல கூடப் பேர் போடமாட்டேங்கற. உன் பேர் போட்டு ஒரு லெட்டர். ஒண்ணே ஒண்ணு. எனக்கு வேணும்."

சொல்லி முடித்ததும் அவருக்கே வெட்கமாகிவிட்டது. எழுபத்தைந்து வயதில் குழந்தை மிட்டாய் கேட்பதுபோலக் கேட்டாகிவிட்டது. மேவிஸ் சிரிக்கத் தொடங்கி, சிரிப்பு இருமலாகி, இருமல் நிற்க ஐந்து நிமிஷம் ஆயிற்று. அவர் முதுகைத் தடவிக்கொடுத்தார். இரவு உடைக்குள் எலும்பு தனித்தனியாகத் தெரிந்தது.

"மொதல்ல பதினொண்ணு," என்றாள் மூச்சு வாங்கியதும். "அப்புறம் பாக்கலாம்."

பதினொரு மணிக்கு நர்ஸ் பிரெண்டா சைக்கிளில் வந்தாள். நாடி பார்த்தாள், கால் வீக்கத்தை அழுத்திப் பார்த்தாள், தலையணைகளை அடித்து வைத்தாள். மாடிப்படியில் இறங்கும்போது சிரிலிடம் குரலைத் தாழ்த்தினாள்.

"மிஸ்டர் பிராக்டர், அந்த லெட்டரெல்லாம் எடுத்து வெச்சிடுங்களேன். அவங்க ரெஸ்ட் எடுக்கணும்."

"நீங்களே போய் எடுங்க."

பிரெண்டா மேலே ஒரு பார்வை பார்த்தாள். "வேண்டாம், விடுங்க," என்றாள். "நேத்து கொஞ்சம் நகர்த்தினேன். தேதி வாரியா அடுக்கி வெச்சிருந்தாங்களாம். என்னைய உக்கார வெச்சுத் திரும்ப அடுக்கச் சொல்லிட்டாங்க."

மதியத்துக்குள் பத்து முடிந்தது. பதினொன்றாவது, டோவரிலிருந்து ஒரு விதவை எழுதியது. மேவிஸ் அதை இரண்டு முறை படித்துவிட்டுத்தான் பதில் சொன்னாள். துக்கக் கடிதத்துக்கும் அதன் பதிலுக்கும் அவள் வைத்திருந்த விதி ஒன்றேதான். முதல் பத்தியில் விஷயத்தைச் சுற்றிவளைக்காமல் சொல்ல வேண்டும். இரண்டாவதில் அந்த வீட்டுக்காரர்களுக்கு மட்டும் தெரிந்த ஒரு விஷயம் இருக்க வேண்டும். அதற்காக எத்தனை பேருக்கு வேண்டுமானாலும் தொலைபேசியில் பேசலாம். மூன்றாவதில், பதில் எழுத வேண்டியதில்லை என்று சொல்லிவிட வேண்டும். துக்கத்தில் இருப்பவன் தலையில் இன்னொரு வேலையைக் கட்டக் கூடாது.

பதினொன்றையும் சிரில் அடித்து எடுத்து வந்தார். அவள் பேனாவைத் திறந்து வரிசையாகத் தலை வைத்தாள், வால் வைத்தாள். கை நடுங்கியது. ஆனால் கையெழுத்துப் போடும்போது மட்டும் நடுங்கவில்லை. அந்த இடம் வந்ததும் பேனா தானாக ஓடி, தானாகச் சுழித்து, தானாக நின்றது. சிரில் உறைகளில் போட்டு ஒட்டினார்.

"முடிஞ்சுது," என்றார். "மகராசன் நல்லா இருக்கட்டும்."

"இன்னொண்ணு இருக்கு. எழுதற பேட எடு. மேல எடம் விட்டுக்க."

"பதினொண்ணுன்ன."

"எண்ணிக்கை தப்பிடுச்சு. எழுது."

சிரில் பெருமூச்சு விட்டுப் பென்சிலை எடுத்தார். மேவிஸ் கண்ணை மூடிக்கொண்டு, அலுவலகக் குரலில் சொல்லத் தொடங்கினாள்.

"பத்தொன்பது ஆண்டுகளாகத் தினமும் காலை ஆறரை மணிக்கு மாடிக்குக் கொண்டுவரப்பட்ட தேநீருக்கு இதுவரை முறையாக நன்றி தெரிவிக்கப்படவில்லை என்பது என் கவனத்துக்கு வந்துள்ளது."

பென்சில் நின்றது.

"இது யாருக்கு?"

"தலைய நான் பாத்துக்கறேன். நீ எழுது. 'அதில் சர்க்கரை அதிகம். இதை இத்தனை நாள் சொல்லவில்லை. இனியும் மாற்ற வேண்டாம்.' அடுத்த பத்தி."

சிரில் எழுதினார். எழுத்து கோணிக்கொண்டு போயிற்று.

"'ஞாயிற்றுக்கிழமைகளில் கடற்கரையில் நடக்கும்போது, காற்று எந்தப் பக்கமிருந்து வருகிறதோ அந்தப் பக்கத்துக்குத் தாங்கள் மாறிக்கொண்டீர்கள். திரும்பி வரும்போது மறுபடி மாறிக்கொண்டீர்கள். நான் கவனிக்கவில்லை என்று தாங்கள் நினைத்திருக்கலாம். முப்பத்தொரு ஆண்டுகள் நான் தலைவர்களுக்குப் பக்கத்தில் நடந்திருக்கிறேன். அவர்கள் நல்லவர்கள். ஆனால் காற்றுப் பக்கம் யாரும் வந்ததில்லை.' எழுதிட்டியா?"

"ம்."

"மூக்க உறிஞ்சாத, பேடு நனையும். மூணாவது பத்தி. 'நான் நிறைவாக இருந்தேன். இக்கடிதத்துக்குப் பதில் எழுத வேண்டியதில்லை.' அவ்வளவுதான். போய் அடி. தப்பு இருந்தா திருப்பி அனுப்புவேன்."

சாப்பாட்டு மேசையில் சிரில் ஒரு மணி நேரம் உட்கார்ந்திருந்தார். மூன்று தாள் வீணாயிற்று. நான்காவதைத் தூக்கிப் பிடித்து ஒவ்வொரு சொல்லாகப் பார்த்துவிட்டு மாடி ஏறினார். வாழ்க்கையில் எந்த ரயிலையும் அவர் அவ்வளவு ஜாக்கிரதையாக அனுப்பிவைத்ததில்லை.

மேவிஸ் தூங்கி விழித்ததுபோல இருந்தாள். முகம் வெளுத்திருந்தது. தாளை வாங்கி, கண்ணாடிக்குப் பக்கத்தில் வைத்துப் படித்தாள்.

"கமா ஒண்ணு விட்டிருக்க. பரவால்ல. திரும்பிக்க."

"ஏன்?"

"கையெழுத்துப் போடும்போது யாரும் பாக்கக் கூடாது. ஆபீஸ் பழக்கம்."

சிரில் ஜன்னல் பக்கம் திரும்பினார். தண்ணீர் உள்ளே வரத் தொடங்கியிருந்தது. பின்னால் பேனா காகிதத்தில் மெதுவாகக் கீறும் சத்தம் கேட்டது, கொஞ்சம் ஓய்வு, மறுபடி மெதுவாக. கடைசியில் விறுவிறுவென்று ஒரே ஓட்டமாக ஓடி நின்றது. தாளை மடித்து உறைக்குள் அவளே போட்டு நாவால் நனைத்து ஒட்டி, அவரிடம் நீட்டினாள்.

"நாளைக்குப் படி."

"இப்பப் படிச்சா என்ன?"

"இப்பப் படிச்சா பதில் சொல்ல ஆரம்பிச்சிடுவ. கொஞ்ச நேரம் தூங்கறேன். நாலு மணிக்கு டீ கொண்டா."

நாலு மணிக்கு அவர் தேநீரோடு வந்தபோது மேவிஸ் போயிருந்தாள். கை கடிதம் இல்லாத வெறும் போர்வையின் மேல் இருந்தது. சிரில் கோப்பையைக் கீழே வைத்தார். கன்னத்தைத் தொட்டுப் பார்த்தார். இன்னும் சூடு இருந்தது. மூக்கில் சரிந்திருந்த கண்ணாடியை எடுத்து, துடைத்து, கூட்டில் வைத்தார். பிறகு நாற்காலியை இழுத்துப் போட்டுக்கொண்டு, கொண்டுவந்த தேநீரைத் தானே குடித்தார். அவள் சொன்னது சரிதான், சர்க்கரை அதிகம்தான். அழுகை வந்தது, ஆனால் அந்த அழுகையில் குறை என்று சொல்ல ஒன்றும் இல்லை. அவளுக்கு வேண்டியதை அவள் முடித்துவிட்டாள். அவருக்கு வேண்டியது சட்டைப்பையில் இருந்தது.

மறுநாள் காலை, சவ அடக்கக்காரர்கள் வந்து போனபின், முகச்சவரம் செய்துகொண்டு, கழுத்துப்பட்டி கட்டிக்கொண்டு, மேசை முன் உட்கார்ந்து உறையைப் பிரித்தார்.

மேலே, நடுங்கும் எழுத்தில், "அன்புள்ள சிரில்," என்று இருந்தது. அதை நெடுநேரம் பார்த்தார். பிறகு மூன்று பத்தியையும், தானே அடித்தவைதான் என்றாலும், புதிதாகப் படிப்பதுபோலப் படித்தார். கீழே "என்றும் உன்," என்று இருந்தது. அதற்கும் கீழே, கொஞ்சமும் நடுங்காமல், அழகாகச் சுழித்து, கில்பர்ட் ஹார்க்னஸ்.

சிரிலுக்கு முதலில் விளங்கவில்லை. விளங்கியதும் தாளை மேசைமேல் வைத்துவிட்டார். அவள் விளையாட்டுக்குச் செய்திருக்க மாட்டாள். காகிதத்தில் அவள் விளையாடியதே இல்லை. அன்று பதினொரு தடவை போட்ட கையெழுத்து. பன்னிரண்டாம் தடவையும் கை அதன் பாட்டுக்கு ஓடிவிட்டது. களைப்பில் அவள் திரும்பிப் பார்க்கவும் இல்லை. தலைவர்களின் செயலாளர்களைத் தவிர உலகத்தில் வேறு எந்த மனைவியும் இப்படி ஒரு தப்பைச் செய்ய முடியாது.

"பாவி," என்றார் காலியான நாற்காலியைப் பார்த்து. "ஒண்ணே ஒண்ணு கேட்டேன்."

சிரிப்பும் வந்தது, கோபமும் வந்தது. யாரிடம் போய்ச் சொல்வது? என் மனைவி எனக்கு எழுதிய ஒரே கடிதத்தில் வேறு ஆணின் பெயரைப் போட்டுவிட்டாள் என்றா? கடிதத்தை மடித்து மறுபடி சட்டைப்பையில் வைத்துக்கொண்டார். அடுத்த ஐந்து நாளும், சவப்பெட்டிக்கு மரம் தேர்ந்தெடுத்தபோதும், பாதிரியாருடன் பாட்டு முடிவு செய்தபோதும், அந்தக் கையெழுத்து நெஞ்சில் முள்ளாக இருந்தது.

அடக்கம் புதன்கிழமை, மெத்தடிஸ்ட் தேவாலயத்தில். முடிந்ததும் பக்கத்துக் கூடத்தில் தேநீரும் பன்றி இறைச்சி சாண்ட்விச்சும். வாசலருகே ஒரு சின்ன மேசையில் வந்தவர்கள் பெயரெழுத ஒரு புத்தகம். எதிர்பார்த்ததைவிடக் கூட்டம். பாதிப் பேர், சாண்ட்விச்சைக் கையில் வைத்துக்கொண்டு, ஹார்க்னஸ் பிரபுவையே பார்த்துக்கொண்டிருந்தார்கள். யாரும் அவர் வருவார் என்று நினைக்கவில்லை. மகள் காரை ஓட்ட, லண்டனிலிருந்து ஆறு மணி நேரம் உட்கார்ந்து வந்திருந்தார். இரண்டு கைத்தடி. கோட்டு அவரைவிடப் பெரிதாக இருந்தது.

சிரில் அவருக்கு நாற்காலி போட்டார். பிரபு உட்கார்ந்ததும் கோட்டுப் பையைத் துழாவி ஒரு உறையை எடுத்து நீட்டினார்.

"பிராக்டர், இது உங்களுக்கு. நானே எழுதினேன்."

சிரில் பிரித்தார். தாள் முழுக்கக் கையால் எழுதியது. "அன்புள்ள பிராக்டர், மேவிஸ் மிகவும் நல்லவர்," என்று தொடங்கி, அடித்து, மறுபடி "மிகவும் திறமையானவர்" என்று எழுதி, அதையும் அடித்திருந்தது. அடுத்த வரி: "இதை எப்படி எழுதுவது என்று எனக்குத் தெரியவில்லை. அவருக்குத் தெரியும்." அதோடு முடிந்துவிட்டது.

"நாலு வாட்டி எழுதினேன்," என்றார் பிரபு. "எனக்கு வரல. அவங்க உடம்பு சரியில்லாம இருந்தாங்கனு எனக்குத் தெரியாது. தெரிஞ்சிருந்தா அந்தப் பெட்டிய அனுப்பிருக்க மாட்டேன். நீங்க அத நம்பணும்."

"நம்பறேன், ஐயா. நீங்க அனுப்பலன்னாலும் அவ வந்து எடுத்திருப்பா."

பிரபு மெல்லச் சிரித்தார். சிரில் ஒரு கணம் தயங்கினார். பிறகு சட்டைப்பையிலிருந்து தன் கடிதத்தை எடுத்து, மேல்பக்கத்தை மடித்து மறைத்து, அடிப்பகுதியை மட்டும் அவர் கண்ணுக்கு நேரே காட்டினார்.

பிரபு குனிந்து பார்த்தார். "என் கையெழுத்து. எப்பப் போட்டேன்?"

"நீங்க போடல. போன வியாழக்கிழமை அவ போட்டா. எனக்கு எழுதின லெட்டர், ஐயா. தன் பேரப் போடறதுக்குப் பதிலா கைமறதியா உங்க பேரப் போட்டுட்டா."

தொண்ணூறு வயதுக் கிழவர் தாளைக் கண்ணுக்கு இன்னும் பக்கத்தில் இழுத்துக்கொண்டார். கோபிப்பாரோ என்றுகூட சிரிலுக்குத் தோன்றியது.

"ஒருதரம் கிளப்புல நான் கையெழுத்துப் போட்டப்ப வாசல்ல இருந்த ஆள் ஏத்துக்கல," என்றார் பிரபு. "ரெஜிஸ்டர்ல இருக்கறது வேற மாதிரி இருக்குன்னுட்டான். ரெஜிஸ்டர்ல இருந்தது அவங்க போட்டது. நான் அவங்களக் கூட்டிட்டு வந்து போட வெச்சுட்டுத்தான் சாப்பிட உக்காந்தேன்." அவர் கடிதத்தை மறுபடி பார்த்தார். "நான் இப்படிச் சுழிக்கவே மாட்டேன், பிராக்டர். எனக்கு இந்தச் சுழி வராது. இது அவங்களோடது."

மகள் வந்து, இருட்டுவதற்குள் கிளம்ப வேண்டும் என்றாள். போகும் வழியில் பிரபு மேசையருகே நின்று, ஒரு கைத்தடியை மகளிடம் கொடுத்துவிட்டு, புத்தகத்தில் மிகுந்த சிரமத்தோடு தன் பெயரை எழுதினார். சிரில் கார்வரை போய் ஏற்றிவிட்டு வந்தார்.

திரும்பி வந்தபோது பக்கத்துத் தெரு ஹில்டா ஸ்பென்ஸ்லி புத்தகத்தின் மேல் கவிழ்ந்திருந்தாள். எந்தக் கல்யாணமானாலும் எந்தச் சாவானாலும் யார் வந்தார்கள் என்று சரிபார்ப்பது தன் கடமை என்று நினைப்பவள்.

"சிரில், இங்க வாங்க. வந்தது நெசமாவே ஹார்க்னஸ்தானா?"

"அவரேதான். ஏன்?"

"இது அவர் கையெழுத்தே இல்ல. பாருங்க, கோழி கிண்டின மாதிரி இருக்கு. எங்கப்பா செத்தப்ப, அறுபத்தொண்ணுல, அவர் எங்கம்மாவுக்கு லெட்டர் போட்டார். எங்கப்பா மில்லுல சங்கு ஊதுவார்னுகூட எழுதிருந்தார், பாத்துக்கங்க. கண்ணாடி போட்டு மாட்டி வெச்சிருக்கேன். அதுல கையெழுத்து எவ்ளோ அழகா இருக்கும் தெரியுமா, அப்படியே சுழிச்சு." அவள் விரலால் காற்றில் சுழித்துக் காட்டினாள். "அதுதான் அசல்."

சிரில் அந்த விரல் போன பாதையைப் பார்த்துக்கொண்டிருந்தார். ஐந்து நாளாக நெஞ்சில் இருந்த முள், எப்போது என்று தெரியாமல் போய்விட்டிருந்தது. அவருடைய பதினேழு கடிதம், அதோடு ஒன்று, பதினெட்டு. அதற்கு வெளியேயும் அவள் கையெழுத்து எத்தனை வீட்டில். எத்தனை சுவரில்.

"ஆமா, ஹில்டா," என்றார். "உங்க வீட்ல இருக்கறதுதான் அசல்."

"நான்தான் சொன்னேனே."

"ஒரு நாள் வந்து பாக்கலாமா?"

"அதுக்கென்ன, வாங்க. செவ்வாக்கெழம வாங்க, நான் வீட்லதான் இருப்பேன்."

செவ்வாய்க்கிழமை மூன்று மணிக்கு சிரில் தொப்பியைக் கையில் வைத்துக்கொண்டு ஹில்டாவின் நடைக்கூடத்தில் நின்றார். கடிதம் குடைகள் வைக்கும் இடத்துக்கு மேலே மாட்டியிருந்தது. மூன்று பத்தி. நடுவில் சங்கு. கடைசியில் பதில் எழுத வேண்டியதில்லை. சிரில் கைக்குட்டையை எடுத்து, கண்ணாடியின் கீழ் மூலையில் கையெழுத்து இருந்த இடத்தைத் துடைத்தார்.

"அத நேத்துதான் துடைச்சேன்," என்றாள் ஹில்டா சமையலறையிலிருந்து எட்டிப் பார்த்து.

"தெரியுது," என்றார் சிரில். மறுபடி துடைத்தார்.